ஆயுத மோதல் பற்றிய குறிப்புதவி நூலை எப்படிப் படிப்பது? பெருவை வைத்து ஒரு பயிற்சி

அரசியல் தீவிரவாதம், உள்நாட்டுப் போர், ஆயுதக் குழுக்கள் பற்றிய தடித்த கலைக்களஞ்சியத்தை முதல்முறை எடுப்பவர்கள், நேராகத் தேடும் பெயர் உள்ள பக்கத்துக்குப் போகிறார்கள். அங்கே இருக்கும் இறப்பு எண்ணிக்கையைக் குறித்துக்கொண்டு நூலை மூடிவிடுகிறார்கள். அந்த எண்ணில் யார் அடக்கம், யார் விடுபட்டார்கள் என்பது பெரும்பாலும் அந்தப் பக்கத்தில் இருக்காது. பெரு நாட்டில் அரசுக்கு எதிராக ஆயுதம் ஏந்திய ‘ஒளிரும் பாதை’ என்ற மாவோயிச இயக்கத்தை எடுத்துக்கொண்டு படிப்படியாகப் பார்ப்போம்.

படி 1: கேள்வியை எழுதிக்கொள்ளுங்கள்

“ஒளிரும் பாதை பற்றி” என்றால் அது தலைப்புதான். “1980 முதல் 2000 வரை பெருவில் எத்தனை பேர் உயிரிழந்தார்கள்?” என்பது கேள்வி. பின்னணி தெரிய கலைக்களஞ்சியம் போதும். எண்ணுக்குத் தரவுத்தளமும் விசாரணை ஆணைய அறிக்கையும் வேண்டும்.

படி 2: நூல் வந்த ஆண்டைப் பாருங்கள்

இயக்கத்தின் தலைவர் அபிமாயேல் குஸ்மான் 1992 செப்டம்பரில் லிமாவில் பிடிபட்டார். 1990இல் அச்சான நூலில் அவர் இன்னும் தலைமறைவாகத்தான் இருப்பார். அதற்காக அந்த நூலைத் தள்ளிவிட வேண்டாம். அன்றைய மனிதர்கள் எதை அஞ்சினார்கள் என்று அதில்தான் தெரியும். எண்ணிக்கையை மட்டும் அதிலிருந்து எடுக்காதீர்கள்.

படி 3: முன்னுரையில் வரையறையைத் தேடுங்கள்

மற்ற எதைத் தவிர்த்தாலும் இதைத் தவிர்க்காதீர்கள். ஸ்வீடனின் உப்சாலா பல்கலைக்கழகம் நடத்தும் மோதல் தரவுத் திட்டத்தில், ஓர் ஆண்டில் குறைந்தது 25 பேர் சண்டையில் இறந்தால்தான் அது ஆயுத மோதல். 1,000 பேரை எட்டினால் போர். அப்படியானால் 24 பேர் இறந்த ஆண்டு அந்தப் பட்டியலில் வராது. பட்டியலை மட்டும் பார்ப்பவர் அந்த ஆண்டு அமைதி நிலவியது என்று நினைத்துக்கொள்வார்.

மேரிலாந்து பல்கலைக்கழகத்தின் உலகப் பயங்கரவாதத் தரவுத்தளத்தின் கணக்கு வேறு. 1970 முதலான தாக்குதல்கள் அதில் உண்டு, ஆனால் அரசு அல்லாதவர்கள் நடத்தியவை மட்டும். பெருவின் ராணுவம் கொன்ற கிராமத்து மக்கள் அதில் வரவே மாட்டார்கள். தரவுத்தளம் ஏமாற்றவில்லை, தன் எல்லையைத் தானே எழுதி வைத்திருக்கிறது. நாம்தான் அதைப் படிக்க வேண்டும்.

இன்னொன்று. தீவிரவாதம், பயங்கரவாதம் இரண்டையும் நாம் மாற்றி மாற்றி எழுதுகிறோம். முதலாவது கொள்கை எவ்வளவு தூரம் போகிறது என்பதைச் சொல்கிறது, இரண்டாவது வழிமுறையைச் சொல்கிறது. உங்கள் குறிப்பில் இரண்டையும் கலக்காதீர்கள். பயங்கரவாதம் என்றால் என்ன என்பதற்கு 1980களிலேயே ஆய்வாளர் அலெக்ஸ் ஷ்மிட் 109 வரையறைகளைத் திரட்டினார். ஐ.நா.வில் 1996இல் தொடங்கிய பொது உடன்படிக்கை முயற்சியும் இன்னும் முடியவில்லை.

படி 4: எல்லாப் பெயர்களிலும் தேடுங்கள்

அந்த இயக்கம் தன்னைப் பெரு கம்யூனிஸ்ட் கட்சி என்றே அழைத்துக்கொண்டது. ‘ஒளிரும் பாதை’ மற்றவர்கள் வழக்கில் நிலைத்த பெயர். சொல்லடைவில் இரண்டையும் பாருங்கள்.

படி 5: எண் எப்படி வந்தது என்று கேளுங்கள்

இந்த மோதலை விசாரிக்க அரசு அமைத்த பெருவின் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2003இல் தன் இறுதி அறிக்கையைக் கொடுத்தது. அதில் இரண்டு எண்கள் உண்டு. இறந்தவர்கள், காணாமல்போனவர்கள் என்று பெயரோடு அடையாளம் கண்டது 23,969 பேரை. மொத்தமாக மதிப்பிட்டது 69,280 பேர். வெவ்வேறு அமைப்புகள் தனித்தனியாகத் தயாரித்த பட்டியல்களை ஒப்பிட்டு, ஒரே பெயர் எத்தனை பட்டியல்களில் திரும்ப வருகிறது என்பதை வைத்து, எதிலும் வராதவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள் என்று புள்ளியியல் முறையில் கணித்தார்கள்.

இரண்டுக்கும் இடையே 45,000க்கும் மேற்பட்ட மனிதர்கள். இந்த இடத்தில் அவசரமாகப் பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். ஆணையத்துக்குத் தெரியவந்த பலியானவர்களில் நான்கில் மூன்று பேர் கெச்சுவா போன்ற பழங்குடி மொழிகளைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள், பெரும்பாலும் கிராமத்தவர்கள். தலைநகரின் கண்ணில் படாத மக்கள்.

பழியின் பங்கும் மாறுகிறது. ஆணையத்திடம் பதிவான சாவுகளில் 54 சதவீதத்துக்கு ஒளிரும் பாதையே காரணம். மதிப்பீட்டின்படி அது 46 சதவீதம். எந்தக் கணக்கு என்று சொல்லாமல் இவற்றை எடுத்தாளக் கூடாது.

படி 6: வெற்றிடத்தைக் கவனியுங்கள்

மேரிலாந்து தரவுத்தளத்தில் 1993ஆம் ஆண்டு இல்லை. தொடக்க காலத் தரவுகளை ஒரு தனியார் நிறுவனம் அட்டைகளில் திரட்டியது. அந்த ஓர் ஆண்டின் அட்டைகள் அலுவலகம் மாறும்போது தொலைந்துவிட்டன. பெருவில் நடந்த தாக்குதல்களை ஆண்டுவாரியாகக் கோட்டுப்படமாகப் போட்டால், குஸ்மான் பிடிபட்ட அடுத்த ஆண்டே தாக்குதல்கள் பூஜ்யமானதுபோல் தெரியும். ஒரு கைது எல்லாவற்றையும் முடித்துவிட்டது என்று கட்டுரை எழுதவே தோன்றும். ஆனால் அந்தப் பூஜ்யம் தொலைந்த அட்டைகளால் வந்தது.

படி 7: குறிப்பை இப்படி எழுதுங்கள்

சரி, இனி எழுதலாம். எண்ணைத் தனியாக எழுதவே எழுதாதீர்கள். என் நோட்டில் இருப்பது இது:

“பெரு, 1980–2000. உயிரிழப்பு மதிப்பீடு 69,280. பெயரோடு அடையாளம் கண்டது 23,969. உண்மை ஆணையம், 2003. ராணுவம், ஒளிரும் பாதை, பிற தரப்புகள் அனைத்தும் சேர்த்து. மேரிலாந்து எண்ணோடு ஒப்பிட வேண்டாம்: அதில் அரசுப் படைகள் இல்லை, 1993 இல்லை.”