பாண்டி–கடலூர் எல்லையில் வசிப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

எல்லையோரத்தில் அதிகம் பணம் போவது மனை வாங்குவதில்தான். 'பாண்டிக்கு மிக அருகில்' என்று விளம்பரம் வரும், பின்கோடும் 605 என்று தொடங்கும். உடனே புதுச்சேரி நிலம் என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். ஆரோவில்லின் பின்கோடு 605101. ஆனால் அதன் பெரும்பகுதி விழுப்புரம் மாவட்டம் வானூர் வட்டத்தில் இருக்கிறது. விழுப்புரம் நகரத்துக்கே 605602தான். போதாக்குறைக்கு, புதுச்சேரிப் பகுதி ஒரே துண்டாகவும் இல்லை. தமிழக ஊர்களுக்கு நடுவே திட்டுத்திட்டாகக் கிடக்கிறது. தரகர் "ரெண்டும் ஒண்ணுதான் சார்" என்பார். ஒன்றில்லை. பதிவு அலுவலகம் வேறு, முத்திரைத் தீர்வை வேறு, மனைப்பிரிவுக்கு அனுமதி தரும் துறையும் வேறு. முன்பணம் கொடுப்பதற்கு முன் வருவாய்க் கிராமத்தின் பெயரையும் சர்வே எண்ணையும் கேட்டு வாங்குங்கள். வில்லங்கச் சான்றை அந்தக் கிராமத்துக்கு உரிய பதிவு அலுவலகத்தில் போடுங்கள். இதைச் சொல்லத் தயங்குகிற தரகரிடம் மேற்கொண்டு பேச ஒன்றுமில்லை.

அடுத்தது பிறப்புச் சான்றிதழ். கடலூர்ப் பக்கத்திலிருந்து புதுச்சேரி ஜிப்மர் மருத்துவமனைக்குப் பிரசவத்துக்குப் போகிறவர்கள் நிறைய. பிறப்பு பதிவாவது குழந்தை பிறந்த இடத்தில், பெற்றோர் குடியிருக்கும் ஊரில் அல்ல. ஜிப்மர் என்றால் உழவர்கரை நகராட்சி. பள்ளியில் சேர்க்கும் நேரத்தில் கடலூர் மாநகராட்சியில் போய் வரிசையில் நிற்பது வீண். அதேபோல, புதுச்சேரியில் பிறந்ததால் மட்டுமே பிள்ளைக்கு அங்கே கல்லூரி ஒதுக்கீடு கிடைத்துவிடாது. அதற்குக் குடியிருப்புச் சான்று வேண்டும்.

அங்கே ஏதாவது அலுவலக வேலை இருந்தால் நாளையும் பார்த்துப் போங்கள். நவம்பர் 1, ஆகஸ்ட் 16 இரண்டும் புதுச்சேரியில் விடுமுறை. 1954இல் பிரெஞ்சுக்காரர்கள் நிர்வாகத்தை ஒப்படைத்ததும், 1962இல் அது சட்டப்படி இந்தியாவோடு சேர்ந்ததும் அந்த நாட்களில்தான். கடலூரில் அன்று வழக்கமான வேலை நாள் என்பதால் பலருக்கு ஞாபகமே இருப்பதில்லை.

பிஒய் (PY) என்று தொடங்கும் புதுச்சேரிப் பதிவெண் வண்டியைக் கடலூரில் நிரந்தரமாக வைத்து ஓட்டுகிறவர்கள் கவனிக்க: ஒரு மாநில வண்டி இன்னொரு மாநிலத்தில் 12 மாதத்துக்கு மேல் இருந்தால் மறுபதிவு செய்ய வேண்டும். ஓட்டுநர் உரிமத்துக்கு அந்தத் தொல்லை இல்லை, இந்தியா முழுக்கச் செல்லும். பாண்டி சரக்கைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டுமா என்ன? எல்லையிலுள்ள முள்ளோடையைத் தாண்டிப் பிடிபட்டால் மதுவிலக்கு வழக்கு, வண்டியும் போகும்.

விபத்தோ திருட்டோ நடந்தால் "இது எங்க லிமிட் இல்ல" என்று இரண்டு பக்கக் காவல் நிலையமும் கைகாட்டினால் அலையாதீர்கள். 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள சட்டப்படி, சம்பவம் எங்கே நடந்திருந்தாலும் எந்த நிலையத்திலும் புகார் தரலாம். முதல் தகவல் அறிக்கையின் நகலை இலவசமாகக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.