கிரவுண்டட் விளையாட்டில் பூச்சி வேட்டை: புதியவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

முதல் நாள் இரவு. கையில் தீப்பந்தம், பையில் நாலு கூழாங்கல், கொஞ்சம் நார். பசி எட்டிப் பார்த்த நேரத்தில் அசுவினி ஒன்று கண்ணில் பட்டது. துரத்தினேன். அது வளைந்து வளைந்து ஓட, நானும் புல்லுக்குள் ஓடினேன். எதிரே புல் விலகியது, உறுமல் போல ஒரு சத்தம் கேட்டது, அவ்வளவுதான். என்ன அடித்தது என்று பார்ப்பதற்குள் திரை கறுத்துவிட்டது. அடித்தது ஓநாய்ச் சிலந்தி என்பதே மறுநாள்தான் தெரிந்தது.

கிரவுண்டட் விளையாடத் தொடங்கிய பலருக்கும் முதல் சாவு ஏறக்குறைய இப்படித்தான் அமைகிறது. அப்சிடியன் என்டர்டெயின்மென்ட் உருவாக்கிய இந்த வீடியோ விளையாட்டு 2020 ஜூலையில் சோதனைப் பதிப்பாக வந்தது. 2022 செப்டம்பரில் முழுமையாக வெளியானது. எறும்பளவுக்குச் சுருங்கிப்போன நான்கு பதின்ம வயதுப் பிள்ளைகள் அமெரிக்க வீடு ஒன்றின் பின்கட்டுத் தோட்டத்தில் உயிர்பிழைக்க வேண்டும். கதை அதுதான். புல் மரமாகிறது, எறும்பும் வண்டும் வனவிலங்காகின்றன. உணவு, கவசம், ஆயுதம், மருந்து எல்லாவற்றுக்கும் பூச்சியைத்தான் நம்ப வேண்டும். அதனால் வேட்டையில் செய்யும் தவறு விளையாட்டு முழுவதையும் இழுத்துப் பிடித்துவிடும்.

பார்ப்பதற்கு முன் அடிப்பது

முதல் தவறு இதுதான். மற்ற தவறுகள் பெரும்பாலும் இதிலிருந்தே கிளைக்கின்றன. பூச்சியைக் கண்டதும் கோடாலியைத் தூக்குகிறோம். விளையாட்டோ தொடக்கத்திலேயே நம் கையில் பீப்பர் என்ற கருவியைக் கொடுத்திருக்கிறது. தூரத்திலிருந்து அதன் வழியே பூச்சியைச் சில நொடிகள் உற்றுப் பார்த்தால் போதும், அந்த உயிருக்கான அட்டை உங்கள் சேகரிப்பில் சேர்ந்துவிடும். எந்த வகை அடி அதற்கு வலிக்கும், எதைத் தாங்கிக்கொள்ளும் என்பது அதில் இருக்கும்.

பலர் இதைப் படம் சேகரிக்கும் வேலை என்று நினைத்து ஒதுக்கிவிடுகிறார்கள். இந்த விளையாட்டில் அடி என்பது ஒன்றல்ல. வெட்டு, கீறல், குத்து, நொறுக்கு என்று தனித்தனி வகைகள் உண்டு. அதற்கு மேல் குளிர்ச்சி, காரம், புளிப்பு, உப்பு என்ற சுவைத் தன்மைகளும் உண்டு. ஈட்டிக்கு அசையாத ஓடு சுத்தியலுக்கு உடையலாம். பொருந்தாத ஆயுதத்தை ஓங்கி ஓங்கி வீசினால் உங்கள் தெம்பு தீரும், ஆயுதம் தேயும், எதிரே நிற்பது அப்படியே நிற்கும். "இந்த வண்டு ரொம்பக் கஷ்டம்" என்று புலம்புபவர்களிடம் எந்த ஆயுதத்தால் அடித்தீர்கள் என்று கேட்டுப் பாருங்கள். பாதிப் பேர் தொடக்கக் கோடாலியையே சொல்வார்கள்.

அதனால் கோடாலி, ஈட்டி, சுத்தியல் மூன்றையும் விரைவுப் பையில் வைத்திருங்கள். சுத்தியலைக் கல் உடைக்கும் கருவி என்று மட்டும் நினைக்க வேண்டாம்.

எங்கே, எப்போது என்று யோசிக்காமல் தேடுவது

ஒரு மணி நேரம் அலைந்தும் மின்மினி கிடைக்கவில்லை என்று நண்பர் ஒருவர் சலித்துக்கொண்டார். எப்போது தேடினீர்கள் என்றேன். பகலில்!

இந்தத் தோட்டத்துப் பூச்சிகள் பெரும்பாலும் நிஜப் பூச்சிகளின் குணத்தோடுதான் படைக்கப்பட்டிருக்கின்றன. விளையாட்டில் எனக்கு மிகவும் பிடித்த விஷயமே இதுதான். மின்மினி இரவில் வரும். தேனீ பூ இருக்கும் பக்கம் சுற்றும். கூன்வண்டு காளானை ஒட்டித் திரியும். நிஜத்தில் ஓநாய்ச் சிலந்தி வலை கட்டி இரைக்காகக் காத்திருக்காது, தேடிப் போய்ப் பிடிக்கும். இங்கேயும் அது பகலில் பொந்தை ஒட்டிப் படுத்திருந்துவிட்டு இருட்டியதும் ரோந்துக்குக் கிளம்புகிறது. பாம்பார்டியர் வண்டு தன் உடலுக்குள்ளேயே இரண்டு ரசாயனங்களைக் கலந்து, கொதிநிலையை எட்டும் சூட்டில் பீய்ச்சி அடிக்கும். அதுவும் நிஜம். விளையாட்டில் அது தூரத்தில் இருந்தே உங்களைச் சுடுவது இதனால்தான். அதை விட்டு விலகி ஓடுவதைவிட ஒட்டி நின்று பக்கவாட்டில் நகர்ந்துகொண்டே அடிப்பது நல்லது.

கண்ணுக்குத் தெரியாத இரையும் உண்டு. கிரப் என்ற வெண்புழுவைத் தரைமேல் தேடி அலைபவர்களைப் பார்த்திருக்கிறேன். அது மண்ணுக்குள் இருக்கிறது. மண்மேடு ஒன்று மெல்ல நகர்வதைக் கவனியுங்கள். அதுதான் அடையாளம். ஏகார்ன் என்ற ஓக் மரக் கொட்டையின் ஓட்டில் செய்த மண்வாரியால் அந்த இடத்தைத் தோண்டினால் புழு வெளியே வரும். மண்வாரி இல்லாமல் எத்தனை முறை அந்த மேட்டைச் சுற்றி வந்தாலும் பயனில்லை.

குழியானை என்று நாம் சொல்லும் ஆன்ட்லயனும் அப்படித்தான். திண்ணையோர மணலில் சின்னக் குழி பார்த்து அதை நோண்டி விளையாடியவர்களுக்கு அதன் குணம் தெரியும். விளையாட்டில் குழந்தைகள் விளையாடும் மணல் தொட்டி ஒன்று இருக்கிறது, அங்கேதான் அது மணலுக்கடியில் பதுங்கியிருக்கும். அதைத் தேடிப் போகிறவர்களை முதலில் சாய்ப்பது பெரும்பாலும் வெயில்தான். பகல் வெயிலில் அந்த மணலில் நின்றால் உடல் சூடேறிக்கொண்டே போகும், ஒரு கட்டத்துக்கு மேல் உயிர் குறையத் தொடங்கும். நிழலை ஒட்டி நகருங்கள், அல்லது வெயில் தாழ்ந்த பிறகு போங்கள்.

வரிசை தெரியாமல் வேட்டையாடுவது

எதைக் கண்டாலும் கொல்வது வேட்டையாகாது. எனக்கு இப்போது என்ன வேண்டும், அது எந்தப் பூச்சியிடம் இருக்கிறது என்று பின்னாலிருந்து யோசித்துக்கொண்டு வர வேண்டும்.

உதாரணத்துக்கு இரண்டாம் நிலைக் கருவிகள். இன்செக்ட் கோடாலிக்குப் பொறிவண்டின் தலையும் பாம்பார்டியர் வண்டின் பாகங்களும் பட்டுக் கயிறும் தேவை. இன்செக்ட் சுத்தியலுக்கு நாற்றப்பூச்சியின் பாகமும் பாம்பார்டியரின் கொதிசுரப்பியும் வேண்டும். இந்த இரண்டு கருவியும் கையில் வரும்வரை தோட்டத்தின் பாதி உங்களுக்குப் பூட்டியே கிடக்கும். கெட்டித் தண்டுகளை வெட்ட முடியாது, மின்ட் கட்டியை உடைக்க முடியாது. பத்து நாள் எறும்பையும் மைட் என்ற சின்ன உண்ணியையும் அடித்துக்கொண்டிருப்பதை விட, இந்த மூன்று பூச்சிகளைக் குறிவைத்து இரண்டு நாள் செலவழிப்பது மேல்.

இங்கே ஒரு சிக்கல் வரும். நாற்றப்பூச்சி வாயுவைப் பரப்பும், அதற்குள் நின்றால் உயிர் வேகமாகக் குறையும். வாயு முகமூடி இருந்தால் சமாளிக்கலாம். ஆனால் அந்த முகமூடியைச் செய்ய நாற்றப்பூச்சியின் பாகம்தான் தேவை! இதில் மாட்டிக்கொண்டு கோடாலியோடு புகைக்குள் நுழைந்து செத்தவர்கள் ஏராளம். முதல் நாற்றப்பூச்சிக்கு வில்தான் வழி. திறந்த வெளியாகப் பார்த்து, பின்னால் நகர இடம் வைத்துக்கொண்டு, அம்பெய்து, அது நெருங்கினால் விலகி, மறுபடி எய்யுங்கள். நேரம் பிடிக்கும், அம்புகளும் நிறைய வேண்டும். முகமூடி கையில் வந்த பிறகு அடுத்தடுத்தவை சுலபம். ஹேஸ் என்ற புகைமூட்டப் பகுதிக்குள் போகவும் அதே முகமூடிதான் உதவும்.

பட்டுக் கயிறு வேண்டும் என்பதற்காக முதல் வாரத்திலேயே சிலந்தியோடு மோதுவதும் இந்த வகைத் தவறுதான். கயிறு திரிக்க வேண்டியது வலை நார். வலை நாருக்கு வலை போதும், சிலந்தி வேண்டாம். பெப்லெட் கத்தி ஒன்றைச் செய்துகொண்டு, ஆளில்லாத வலையாகப் பார்த்து அறுத்தெடுங்கள். வலை கட்டும் ஆர்ப் வீவர் சிலந்தி பக்கத்தில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுக் கை வையுங்கள்.

அப்புறம், புதிய பாகம் எது கிடைத்தாலும் ஆய்வுக்கூடத்தில் இருக்கும் அனலைசரில் ஒன்றைப் போட்டுப் பாருங்கள். அதில்தான் செய்முறைகள் திறக்கின்றன. பெட்டி நிறையப் பாகங்களைச் சேர்த்துவைத்துவிட்டு, ஒன்றைக்கூட ஆராயாமல், செய்ய எதுவும் இல்லையே என்று உட்கார்ந்திருப்பவர்கள் இருக்கிறார்கள்.

தடுக்கக் கற்காமல் அடிக்க மட்டும் கற்பது

இதைக் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன். வேட்டையில் வாழ்வும் சாவும் இதில்தான்.

தடுப்புப் பொத்தானை அழுத்திப் பிடித்துக்கொண்டே நின்றால் அடியின் ஒரு பகுதி குறையும், அவ்வளவுதான். அடி விழும் அந்தக் கணத்தில் அழுத்தினால் அது முழுத் தடுப்பு. அடி உங்கள் மேல் ஏறவே ஏறாது. அதோடு ஒவ்வொரு முழுத் தடுப்பும் எதிரியைத் தடுமாற வைக்கும் அளவைக் கூட்டிக்கொண்டே போகும். அது நிரம்பியதும் பூச்சி மயங்கி நிற்கும். அப்போது அடியுங்கள். சும்மா அடித்துக்கொண்டே இருப்பவர் பாதியில் மூச்சு வாங்கி நிற்கும்போது, தடுத்துப் பழகியவர் பெரிய பூச்சியையும் நிறுத்தி நிதானமாக அடிக்கிறார்.

கவனிக்க வேண்டியது பூச்சியின் உடல். பொறிவண்டை எடுத்துக்கொள்ளுங்கள். தொடாதவரை அது உங்களைச் சீண்டாது, அதனால் தூரத்தில் நின்று அதன் நடையைப் பார்க்க எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் கிடைக்கும். முதல் அடி விழுந்ததும் திரும்பி நின்று முட்ட வரும். வருவதற்கு முன் அந்தப் பெரிய உடல் ஒரு கணம் தயங்குவதைப் பாருங்கள். புதிதாக ஆடுகிறவர் அந்தத் தயக்கத்திலேயே பதறிப் பொத்தானை அழுத்திவிடுவார். அழுத்த வேண்டியது அப்போது இல்லை, தலை உங்களைத் தொடப்போகும்போது. நான் சின்ன மைட்டுகளிடம்தான் இதைப் பழகினேன். அவை பாய்ந்து வரும், அடியும் பெரிதாக வலிக்காது. தினமும் காலையில் நாலைந்து மைட்டை ஆயுதம் வீசாமல், தடுக்க மட்டும் செய்து பழகினேன். ஒரு வாரத்தில் கை தானாகவே அசைந்தது. பிறகு சிப்பாய் எறும்பு, அப்புறம் பொறிவண்டு, அதற்குப் பிறகுதான் ஆர்ப் வீவர். முழுத் தடுப்புகள் சேரச் சேர அதற்கென்றே ஒரு மியூட்டேஷனும், அதாவது கூடுதல் திறனும், திறக்கும்.

திரையில் தெம்பின் அளவையும் பாருங்கள். அடிக்கவும் ஓடவும் அதே தெம்புதான். அதை முழுவதும் காலி செய்துவிட்டால் உங்கள் உடல் சோர்ந்து நிற்கும், பூச்சிக்குச் சோர்வு கிடையாது. மூன்று அடிக்கு மேல் தொடர்ந்து வீசாமல் கொஞ்சம் மிச்சம் வையுங்கள்.

செத்த பிறகு செய்யும் தவறு

செத்தால் பை அந்த இடத்திலேயே விழும், வரைபடத்தில் அதற்குக் குறியும் இருக்கும். உடனே எடுத்துவிட வேண்டும் என்ற பதற்றத்தில் அதே இரவில், அதே வழியில், அரை உயிரோடு ஓடுகிறோம். உங்களைக் கொன்றது அங்கேயேதான் சுற்றிக்கொண்டிருக்கிறது. பை எங்கும் போகாது. சாப்பிட்டு, தண்ணீர் குடித்து, தூங்கி எழுந்து, விடிந்த பிறகு போங்கள். கொன்றது ஓநாய்ச் சிலந்தி என்றால் பகலில் அது பொந்துப் பக்கம் போயிருக்கும்.

சாப்பாடு என்றதும் ஒன்று. கறியைப் பச்சையாகவே பையில் போட்டுக்கொண்டு நெடும்பயணம் போகாதீர்கள், கெட்டுவிடும். ஜெர்கி ரேக்கில் உலர்த்திய கறி கெடாது. நம் ஊர் உப்புக்கண்டம் போலத்தான்.

ஓர் இனத்தையே கண்டபடி கொன்று குவிப்பதையும் தவிருங்கள். அந்தக் கூட்டம் உங்கள் வீட்டைத் தேடித் தாக்க வரும். வேலி பலமாகும் முன் அது நடந்தால் கட்டியதெல்லாம் போய்விடும்.

கடைசியாக, சிலந்தி என்றாலே உடல் நடுங்குகிறவர்களுக்கு. அந்தப் பயத்தைக் கஷ்டப்பட்டு விழுங்கிக்கொண்டு ஆட வேண்டியதில்லை, விளையாட்டையே விட்டுவிடவும் வேண்டாம். அமைப்புகளில் சிலந்திப் பயத்துக்கென்றே ஒரு வசதி இருக்கிறது. அதை நகர்த்த நகர்த்தச் சிலந்தியின் உருவம் படிப்படியாக மாறும். முழுவதும் நகர்த்தினால் காலில்லாத உருண்டையாகிவிடும். என் தங்கை அப்படித்தான் ஆடுகிறாள். எங்கள் இருவரில் முழுத் தடுப்பு அவளுக்குத்தான் நன்றாக வருகிறது.