ஷைனி பிடிக்க மேட்சிங் சென்டர் கண் வேண்டும்

என் கடையில் பச்சை என்று ஒரு நிறம் கிடையாது. ராமர் பச்சை உண்டு, கிளிப்பச்சை உண்டு, பாசிப்பச்சை, பாட்டில் பச்சை, மயில்கழுத்து உண்டு. கடலூர் லாரன்ஸ் ரோட்டில் ஜாக்கெட் பிட் விற்கிறேன், பன்னிரண்டு வருஷமாக. சேலையைக் கொண்டு வராமல் “அந்த மாதிரி பச்சைம்மா, உங்களுக்குத் தெரியாதா” என்பவர்களுக்கு நான் துணி வெட்டுவதில்லை. சேலையோடு வந்தாலும் டியூப்லைட்டை நம்புவதில்லை. பிட்டையும் முந்தானையையும் கையில் எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய் வெயிலில் பிடித்துப் பார்த்த பிறகுதான் கத்தரிக்கோல்.

இதைச் சொல்லக் காரணம் இருக்கிறது. நிண்டெண்டோ ஸ்விட்சில் ஆடும் போகிமான் ஸ்கார்லெட் என்ற கேமில், போகிமான் என்கிற கற்பனைப் பிராணிகளுக்கு நடுவே ஷைனி தேடுவது முக்கால்வாசி இந்த வேலைதான். மீதிக் கால்வாசி கணக்கு. கணக்கைச் சொல்லித்தர ஆள் நிறைய. கண்ணைப் பற்றி யாரும் சொல்வதாகத் தெரியவில்லை.

என்னை இதில் இழுத்துவிட்டது என் அண்ணன் மகன். புதுச்சேரி முத்தியால்பேட்டையில் இருக்கிறான், அப்போது பிளஸ் ஒன். அவனிடம் வயலட், என்னிடம் ஸ்கார்லெட். இரண்டும் 2022 நவம்பர் 18 அன்று ஒன்றாக வந்தவை. ஊர் ஒன்றுதான், பால்டியா. சில போகிமான் மட்டும் இதில் ஒன்று, அதில் ஒன்று.

ஷைனி என்றால் நிறம் மாறிய போகிமான். பலம் அதிகமாகாது, புதுச் சண்டை வித்தை எதுவும் வராது, நிறம் மட்டும்தான். 1999-இல் கோல்டு, சில்வர் கேம்களில் தொடங்கிய பழக்கம் இது. ஏரியில் சிவப்பு கியாரடோஸ் நிற்குமே, அதுதான் பலருக்கு முதல் ஷைனி. அந்தக் காலத்தில் 8192-க்கு ஒன்று. 2013-இல் எக்ஸ், ஒய் வந்தபோது 4096-க்கு ஒன்று என்று இறக்கினார்கள். ஸ்கார்லெட்டிலும் அடிப்படைக் கணக்கு அதேதான்.

ஆனால் ஸ்கார்லெட்டில் ஒரு சிக்கல். லெஜெண்ட்ஸ் ஆர்சியஸ் என்ற இன்னொரு போகிமான் கேமில் ஷைனி பக்கத்தில் தோன்றினாலே ‘டிங்’ என்று சத்தம் கேட்கும், மினுக்கும். இங்கே மைதானத்தில் சத்தமும் இல்லை, மினுக்கமும் இல்லை. சண்டைக்குள் நுழைந்த பிறகுதான் நட்சத்திரம் தெறிக்கும். அதுவரை அது கூட்டத்தோடு கூட்டமாகப் புல் மேய்ந்துகொண்டிருக்கும். நீங்கள் பார்க்கவில்லை என்றால் போயிற்று. தெரியாமலே எத்தனை ஷைனியைக் கடந்து ஓடியிருப்பேன் என்று நினைத்தால் இன்றைக்கும் வயிறு எரிகிறது.

அதனால் முதல் வேலை, எதைத் தேடுவது என்று தேர்ந்தெடுப்பது. கலர் நன்றாக மாறும் ஒன்றைப் பிடித்துக்கொள்ளுங்கள். லெச்சாங்க் என்று ஒரு பன்றிக்குட்டி இருக்கிறது. சாதாரணமாகக் கருஞ்சாம்பல், ஷைனி ரோஸ். கண்ணை மூடிக்கொண்டு நடந்தாலும் தெரியும். ஆரம்பப் பாதையிலேயே திரியும், பழகிக்கொள்ள நல்லது. பிகாச்சுவில் மட்டும் தொடங்காதீர்கள். சாதாரண மஞ்சளுக்கும் ஷைனி மஞ்சளுக்கும் உள்ள வித்தியாசம், மாம்பழ மஞ்சளில் ஒரு முக்குக் கூடுதலாகச் சாயம் ஏறியது போலத்தான். கெங்கார் அதைவிட மோசம், கொஞ்சம் வெளுத்த மாதிரி இருக்கும், அவ்வளவுதான். கார்சாம்ப்பும் அந்த ஜாதி. சேலை இல்லாமல் பிட் எடுக்க வருகிறவர்களின் போகிமான்கள் இவை.

எதைத் தேடினாலும் அதன் இரண்டு படத்தையும் முதலில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மொத்த உடம்பையும் பார்க்காதீர்கள், ஒரே ஒரு இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். நான் முதலில் முறையாகத் தேடியது ரால்ட்ஸ். தலையில் பச்சைத் தொப்பி போல முடி, அதில் சிவப்புக் கொம்பு. ஷைனியில் முடி நீலம், கொம்பு ஆரஞ்சு. உடம்பு இரண்டிலும் வெள்ளைதான், அதைப் பார்த்துப் பயனில்லை. உயரமோ 40 சென்டிமீட்டர். புல்லில் நின்றால் பச்சை முடி புல்லோடு புல்லாகிவிடும். நான் பச்சையைத் தேடவே இல்லை. புல்வெளி முழுக்க மேலோட்டமாகப் பார்த்துக்கொண்டு, எங்கே ஆனந்தா ப்ளூ தட்டுப்படுகிறது என்று மட்டும் காத்திருந்தேன். பிட் அடுக்கில் தவறாகச் செருகிய ஒரு துணி எப்படி உறுத்துமோ, அப்படி உறுத்தும்.

வெளிச்சம் விஷயத்தில் கடை விதியேதான். கேமுக்குள் சாயங்காலம் ஆனால் எல்லாவற்றின் மேலும் ஆரஞ்சு படரும், ராத்திரி நீலம் படரும், மழையில் மங்கும். ராத்திரியில் எல்லா ரால்ட்ஸும் எனக்கு ஷைனியாகத் தெரிந்தது. பகலில் தேடுங்கள். ஸ்க்ரீன் வெளிச்சத்தை முழுதாக வையுங்கள். டிவியில் போட்டு ஆடினால் கலரைத் தூக்கிக்காட்டும் மோடை எடுத்துவிடுங்கள், அது எல்லாப் பச்சையையும் கிளிப்பச்சை ஆக்கிவிடும்.

சந்தேகம் வந்தால் தீர்க்க ஒரு வழி உண்டு. ஆர் பட்டனை அழுத்தி உங்கள் போகிமானை ஏவினால் அது தானாகப் போய் எதிரியை அடித்துவிட்டு வரும். ஆனால் எதிரே நிற்பது ஷைனி என்றால் அடிக்க மாட்டேன் என்று நின்றுவிடும். கெங்கார், பிகாச்சு தேடுகிறவர்களுக்கு இதுதான் வாசல் வெயில். கண் தோற்ற இடத்தில் அது காட்டிக்கொடுக்கும்.

இனி கணக்கு. ஒரு போகிமான் தோன்றும்போதெல்லாம் கேம் 4096 சீட்டில் ஒன்றை உருவுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே ஒரு சீட்டில்தான் ஷைனி. எத்தனை முறை உருவ விடுகிறோம் என்பதுதான் நம் கையில். சும்மா நடந்தால் 1 தடவை. ஷைனி சார்ம் என்ற பொருள் கையில் இருந்தால் அதோடு இன்னும் 2. பால்டியா புத்தகத்தில் 400 போகிமானையும் நிரப்பினால் பள்ளிக்கூட உயிரியல் வாத்தியார் ஜாக் அதைத் தருவார். கேமுக்குள் செய்து தின்னும் சாண்ட்விச்சில் கிடைக்கும் ஸ்பார்க்லிங் பவர் மூன்றாம் நிலைக்கு இன்னும் 3. அவுட்பிரேக்கில் (அது என்ன என்று கீழே சொல்கிறேன்) அதே போகிமானை 30 அடித்தால் இன்னும் 1, 60 அடித்தால் அந்த 1-க்குப் பதில் 2. எல்லாம் சேர்ந்தால் 8. அதாவது 512-க்கு ஒன்று.

512 பார்த்துவிட்டால் கட்டாயம் கிடைக்கும் என்று நினைக்க வேண்டாம். ஒவ்வொரு சீட்டும் புதுச் சீட்டு. நூறு பேர் ஆளுக்கு 512 பார்த்தால் 63 பேருக்குக் கிடைத்திருக்கும், 37 பேர் கைவிரல் வலியோடு உட்கார்ந்திருப்பார்கள். நான் 37-இல் ஒருத்தி. அண்ணன் மகன் நாற்பதாவதிலேயே ஒன்று பிடித்தான். அதைப் பற்றி மேலே பேச விருப்பமில்லை.

அவுட்பிரேக் என்பது மேப்பில் ஒரே வகைப் போகிமான் கூட்டமாகக் கிளம்பும் இடம். நாள் மாறினால் அதுவும் மாறிவிடும். நான் ஷட்டர் இறக்கி வீடு வந்து சாப்பிட்டு உட்கார ராத்திரி பத்து ஆகிவிடும், அதனால் பதினொன்றுக்கு மேல் புதிதாக ஒன்றைத் தொடங்குவதில்லை. ஆர் பட்டனால் வரிசையாக 60 அடிக்க வேண்டும். எண்ணிக்கையைக் கேமை நம்பி விடாதீர்கள். பழைய பில் புத்தகத்தின் பின்பக்கத்தில் நான் நாலு கோடு போட்டுக் குறுக்கே ஒன்று இழுக்கிறேன், பன்னிரண்டு கட்டு. 60 வந்ததும் கையை நிறுத்துங்கள். ஆசைப்பட்டு அடித்துக்கொண்டே போனால் கூட்டமே தீர்ந்து கலைந்துவிடும். கருது அறுக்கப் போனவன் வரப்பையும் அறுத்த கதைதான்.

60 முடிந்ததும் சேவ். அதற்குப் பிறகுதான் சாண்ட்விச். இந்த வரிசையை மாற்றாதீர்கள். சாண்ட்விச்சின் பலன் 30 நிமிஷம்தான், அதை அடிப்பதில் செலவழிக்கக் கூடாது.

சாண்ட்விச்சுக்கு ஹெர்பா மிஸ்டிகா என்ற மூலிகை இரண்டு வேண்டும். இனிப்பு, உப்பு, புளிப்பு, கசப்பு, காரம் என்று ஐந்து வகை உண்டு. 5 நட்சத்திர, 6 நட்சத்திர டெரா ரெய்டு என்ற கூட்டுச் சண்டையில் ஜெயித்தால், அதுவும் எப்போதாவது கிடைக்கும். அத்தோடு நீங்கள் தேடும் போகிமானின் வகைக்கு ஏற்ற காயோ இறைச்சியோ ஒன்று. நீர் வகைக்கு வெள்ளரி, புல் வகைக்கு லெட்டூஸ், டிராகனுக்கு அவகாடோ, நிலத்துக்கு ஹாம், சைக்கிக்குக்கு வெங்காயம், ஃபேரிக்குத் தக்காளி. ரால்ட்ஸ் சைக்கிக்கும் ஃபேரியும் சேர்ந்தது, நான் வெங்காயம் போட்டேன். வகை தப்பினால் பவர் மூன்றாம் நிலையில் இருந்தும் ஒன்றும் ஆகாது. மேல் ரொட்டியை வைக்கும்போது கை நடுங்காதீர்கள். என் முதல் சாண்ட்விச்சில் ரொட்டி சறுக்கி மேஜைக்கே போனது.

சாப்பிட்ட பிறகு ஓடித் திரிய வேண்டாம். கூட்டத்தின் நடுவில் நின்று சுற்றிப் பார்க்க வேண்டியது, இல்லையா, பிக்னிக் மேஜையைப் போட்டு உடனே எடுத்துவிட வேண்டியது. சுற்றியுள்ள எல்லாம் மறைந்து புதிதாக வரும். பார், போடு, எடு, பார். முப்பது நிமிஷமும் இதுதான். தையல் மெஷின் மிதிக்கிற தாளம் வந்துவிடும். ஒன்று மட்டும் மறக்காதீர்கள்: ஷைனி கண்ணில் பட்ட பிறகு பிக்னிக் போட்டால் அதுவும் சேர்ந்து மறைந்துவிடும், தூரமாக விலகினாலும் அப்படியே.

முப்பது நிமிஷமும் வெறுங்கை என்றால் சேவ் செய்யாமல் கேமை மூடித் திறங்கள். 60 அடித்த கணக்கு அப்படியே இருக்கும், தின்ற ஹெர்பா இரண்டும் பையில் திரும்பியிருக்கும். இது நடக்க ஆட்டோசேவ் அணைந்திருக்க வேண்டும். நான் அணைக்கவில்லை. பிக்னிக் போட்டு எடுத்த ஏதோ ஒரு கணத்தில் கேம் தானாகவே சேவ் செய்துகொண்டது. நாலு ராத்திரி ரெய்டு ஆடிச் சேர்த்த இரண்டு ஹெர்பா போயிற்று. அண்ணன் மகனுக்கு போன் போட்டுத் திட்டினேன். “அத்தை, ஆப்ஷன்ஸ்ல முதல்லயே ஆஃப் பண்ணுங்கன்னு சொன்னேனே” என்றான். சொன்னான்தான்.

கோரைடான், மிரைடான், அப்புறம் வோ சியென், சியென் பாவ், டிங் லூ, சி யூ ஆகிய நாலும் கதையில் எத்தனை முறை சந்தித்தாலும் ஷைனியாக வராது. பூட்டி வைத்திருக்கிறார்கள். அதற்காகத் திரும்பத் திரும்ப மூடித் திறந்து நேரத்தை வீணாக்காதீர்கள்.

எனக்கு ரால்ட்ஸ் கிடைத்தது மூன்றாவது சாண்ட்விச்சில், இருபத்திரண்டாவது நிமிஷம். ஒரு பாறை ஓரம், நாலு பச்சைக்கு நடுவில் நீலம். கை பரபரவென்று வந்தது. இங்கே நிதானம் வேண்டும். ரால்ட்ஸுக்கு டெலிபோர்ட் தெரியும், நம் முறை முடிந்து அதன் முறை வந்தால் காணாமல் போகலாம். அதனால் முதல் சுற்றிலேயே குயிக் பால் என்ற பிடிக்கும் பந்தை எறிந்துவிட வேண்டும். முதல் சுற்றில் மட்டும் அதற்கு 5 மடங்கு பிடி. ஓடாத, வெடிக்காத போகிமான் என்றால் ஃபால்ஸ் ஸ்வைப் அடித்து உயிரை ஒரு புள்ளியில் நிறுத்தி, தூங்க வைத்து, மெதுவாகப் பிடிக்கலாம். வோல்டார்ப் மாதிரித் தானே வெடித்துச் சாகிறவையிடம் அந்த விளையாட்டு வேண்டாம்.

பிடித்தவுடன் எக்ஸ் பட்டன், மெனு, சேவ். பெயர் வைப்பது, படம் எடுப்பது, போன் போடுவது எல்லாம் பிறகு. ஆட்டோசேவை அணைத்தாயிற்று, இனி உங்களுக்காக யாரும் சேவ் செய்ய மாட்டார்கள். 2024 நவம்பர் 30 ராத்திரி ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிப் பக்கம் கரையேறியது. முத்தியால்பேட்டையில் கரண்ட் இல்லை. அண்ணன் மகன் இருட்டில் போர்வைக்குள் உட்கார்ந்து, இருந்த சார்ஜில் ரோஸ் லெச்சாங்க் ஒன்றைப் பிடித்திருக்கிறான். சந்தோஷத்தில் படம் எடுத்து எனக்கு அனுப்பினான், ஸ்விட்சைத் தூங்க வைத்தான், தண்ணீர் வாசலுக்கு வந்துவிட்டது என்று அரிசி மூட்டையை மாடிக்குத் தூக்கப் போனான். இரண்டு நாள் கழித்துக் கரண்ட் வந்தபோது பேட்டரி அடியோடு தீர்ந்திருந்தது. கேமைத் திறந்தால் 60 அடித்து முடித்து நிற்கும் இடம்.

படம் மட்டும் என் போனில் இருக்கிறது.