சிசு இறந்த வழக்கின் ஆவணக் கட்டை எப்படிப் படிப்பது

கோத்தகிரியிலும் ஊட்டியிலும் சட்ட உதவி வழக்குகள் நடத்தும் வக்கீல் நான். இப்படி ஒரு கட்டு முதல்முறை கைக்கு வரும் ஜூனியர்களுக்காக எழுதுகிறேன். எஸ்டேட் லைனில் (தொழிலாளர் வீட்டு வரிசையில்) ஒரு பெண், தேயிலைக் காட்டுக் கானில் (வடிகாலில்) ஒரு சிசுவின் உடல், கொலைப் பிரிவு. பழைய சம்பவம் என்றால் ஐ.பி.சி. 302, 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ். (பாரதிய நியாய சன்ஹிதா) 103. கட்டைப் பிரித்ததும் புருஷனைப் பிரிந்தவள், ஒருவருடன் பழகினாள் என்று சாட்சிகள் வரிசையாக நிற்பார்கள். அவர்களை ஓரமாக வைத்துவிட்டுப் பிரேதப் பரிசோதனை அறிக்கையை எடுங்கள்.

குழந்தை உயிரோடு பிறந்ததா? யாராவது செய்த செயலால் இறந்ததா? அது இந்தப் பெண்ணின் குழந்தைதானா? இந்த வரிசை மாறக்கூடாது. அரசுத் தரப்பு மூன்றாவதிலிருந்து ஆரம்பித்து, மற்ற இரண்டையும் ஊர்ப்பேச்சால் நிரப்பப் பார்க்கும். இறந்து கிடக்கும் சிசு இறந்தே பிறந்தது என்றுதான் சட்டம் தொடங்குகிறது. இல்லை என்று நிரூபிக்க வேண்டியது அவர்கள்.

அறிக்கையில் ‘நுரையீரல் நீரில் மிதந்தது, எனவே உயிருடன் பிறந்தது’ என்று ஒரே வரி இருந்தால் குறுக்கு விசாரணையை அங்கே தொடங்குங்கள். மூச்சு விடாத நுரையீரல் நீரைவிடக் கனம், மூழ்கும். காற்று புகுந்தது மிதக்கும். பரிசோதனையின் அடிப்படை அவ்வளவுதான். ஆனால் அழுகும்போது உண்டாகும் வாயுவாலும் மிதக்கும், யாராவது வாயில் ஊதிக் காப்பாற்றப் பார்த்திருந்தாலும் மிதக்கும். அதனால் முழு நுரையீரலை நீரில் போட்டதோடு நிறுத்தக்கூடாது. துண்டு துண்டாக நறுக்கி, ஒவ்வொன்றையும் நீருக்குள் பிடித்துப் பிழிந்து, மறுபடி விட்டுப் பார்க்க வேண்டும். அழுகல் வாயு பிழிந்ததும் வெளியேறித் துண்டு மூழ்கிவிடும். மூச்சுக் காற்று அவ்வளவு எளிதில் போகாது. “டாக்டர், பிழிந்து பார்த்தீர்களா? எந்தப் பக்கத்தில் எழுதியிருக்கிறீர்கள்?” என்று நிதானமாகக் கேளுங்கள். நுரையீரலின் எடை, நிறம், உதரவிதானம் எந்த விலா எலும்பு மட்டத்தில் இருந்தது, திசு ஆய்வுக்கு அனுப்பினார்களா என்பதையும் விடாதீர்கள்.

உடல் கிடந்த இடமும் மாதமும் இங்கே முக்கியம். ஜனவரி உறைபனியில் ஊட்டியில் கிடந்த உடல் மெதுவாகத்தான் அழுகும். அதில் அழுகல் வாயு வாதம் எடுபடாது. கீழே கூடலூர்ப் பக்கம், ஈரத்தில் சில நாள் கிடந்தது என்றால் அதே வாதம் வலுவானது. கண்டெடுத்த நேரத்துக்கும் பரிசோதனை நேரத்துக்கும் உள்ள இடைவெளியை மகஜரோடு (சம்பவ இடத்தில் போலீஸ் எழுதும் குறிப்போடு) ஒப்பிட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.

தோல் உரிந்து, மண்டை எலும்புகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறியிருந்தால் கருப்பையிலேயே இறந்திருக்கலாம் என்பதற்கான அறிகுறி அது. வயிற்றில் பால் இருந்தாலோ, தொப்புள்கொடி தானாக உதிர்ந்து காய்ந்திருந்தாலோ உயிரோடு பிறந்ததா என்று வாதாடிப் பயனில்லை. அடுத்த கேள்விக்குப் போய்விடுங்கள்.

அடுத்தது, எப்படி இறந்தது? கழுத்தில் தடம் என்றால் கயிறா, சுற்றிய தொப்புள்கொடியா? தலையில் அடி என்றால், நின்றபடியோ கழிப்பறையிலோ திடீரெனப் பிரசவமாகி விழுந்ததா? கொடியின் முனை வெட்டுப்பட்டதா, பிய்ந்ததா? பிய்ந்த முனை திடீர்ப் பிரசவத்தோடு ஒத்துப்போகும். அறிக்கையில் கொடியைப் பற்றி ஒரு சொல்கூட இல்லையென்றால் அந்த விடுபடலே உங்கள் கேள்வி.

இனி அந்தப் பெண். அவளைப் பரிசோதித்த டாக்டர் ‘சமீபத்தில் பிரசவித்திருக்கிறாள்’ என்று சொல்லலாம். இந்தச் சிசுவைத்தான் பிரசவித்தாள் என்று அவரால் சொல்ல முடியாது, அதற்கு டி.என்.ஏ. வேண்டும். மாதிரியை ஃபார்மலினில் போட்டிருந்தால் டி.என்.ஏ. கெட்டுப்போயிருக்கும். எதில், எந்தத் தேதியில் அனுப்பினார்கள் என்று பாருங்கள்.

ஊர்ச் சாட்சிகளை இப்போது எடுக்கலாம். 1984-இல் சரத் பிர்திசந்த் சர்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதுதான் அளவுகோல்: ஒவ்வொரு சந்தர்ப்பமும் தனித்தனியே நிரூபணமாகி, எல்லாம் சேர்ந்து குற்றத்தை மட்டுமே காட்ட வேண்டும். ‘கர்ப்பத்தை மறைத்தாள்’ என்றால் அவளுக்கு பிக்மி எண் (கர்ப்பிணிகளுக்கான அரசுப் பதிவு எண்) இருக்கிறதா, கிராம சுகாதார செவிலியர் பார்த்தாரா என்று விசாரியுங்கள். ‘மறுநாளே கொழுந்து பறிக்கப் போனாள்’ என்றால் செக்ரோலை (எஸ்டேட் வருகைப் பதிவேட்டை) வரவழையுங்கள். வி.ஏ.ஓ.விடம் தானாகப் போய் ஒப்புக்கொண்டாள் என்று ஒரு காகிதம் இருந்தால், முன்பின் தெரியாத அவரிடம் அவள் ஏன் போனாள் என்று கேளுங்கள். ‘அவளுக்குத்தான் தெரியும், அவளே விளக்கட்டும்’ என்று சாட்சியச் சட்டத்தின் பழைய 106, இப்போதைய 109-ஐ நீட்டினால், 1956-இன் ஷம்பு நாத் மெஹ்ரா தீர்ப்பைக் கொடுங்கள். நிரூபிக்கும் சுமை இடம் மாறாது. 2023 அக்டோபரில், சத்தீஸ்கரிலிருந்து வந்த வழக்கில் ஆயுள் தண்டனை பெற்ற பெண்ணை உச்ச நீதிமன்றம் விடுவித்தது. கிராமத்தில் தனியாக வாழ்ந்தவள் என்பதற்காக ஆதாரமின்றிச் சிசுவின் மரணத்தை அவள்மேல் ஏற்றியதைக் கடுமையாகக் கண்டித்தது. அந்தத் தீர்ப்பு எப்போதும் உங்கள் பையில் இருக்கட்டும்.

ஒன்றில் மட்டும் அவசரப்படாதீர்கள். ‘இறந்தே பிறந்தது, பயத்தில் புதைத்துவிட்டாள்’ என்று வாதாடினால் கொலைக் குற்றச்சாட்டு போகும். ஆனால் பிறப்பை மறைத்த பி.என்.எஸ். 94 ஒட்டிக்கொள்ளும். குழந்தை பிறக்கும் முன்பே இறந்திருந்தாலும் அந்தப் பிரிவு பொருந்தும். இரண்டு வருடம் வரை தண்டனை உண்டு. நீதிபதி அவளை நேரடியாகக் கேள்வி கேட்கும் கட்டத்துக்கு (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 351) முன்பே, அவளுக்குப் பழகிய பேச்சில் இதைப் புரியவைத்து, எதைச் சொல்வது என்று அவளையே முடிவெடுக்க விடுங்கள். வக்கீல் இல்லாத பெண்ணை வழியில் பார்த்தால் சட்ட உதவி எண் 15100-ஐ அழைக்கச் சொல்லுங்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைக்கும்.