ஒரு தொடுகைக்கு ஓர் இலை: மாமரம் வரையும் முறை

கிருஷ்ணகிரியில் மாந்தோப்புக்குப் பஞ்சமில்லை. காவேரிப்பட்டணம் பக்கம் ஒரு மரத்தடியில் உட்கார்ந்து புதிதாக வரைகிறவர், பச்சையை வட்டமாகப் பூசிவிட்டு, மரம்போல் இல்லையே என்று மறுபடி மறுபடி தேய்ப்பார். மிஞ்சுவது சேறுதான். இங்கே நாம் எடுக்கும் போஸ்டர் கலர் பிசினில் குழைத்த நிறம். காய்ந்த பிறகும் ஈரத்தூரிகையால் தேய்த்தால் கரைந்து மேலே வந்துவிடும். ஆகவே தூரிகையை வைக்க வேண்டும், எடுத்துவிட வேண்டும்; அதுதான் ஒரு தொடுகை.

4ஆம் எண் வட்டத் தூரிகை, கெட்டித் தாள், மஞ்சள், நீலம், சிவப்பு, பழுப்பு, வெள்ளை நிறங்கள், துடைக்கப் பழந்துணி போதும்.

1. முதலில் மரத்தை மறந்து இலையைப் பழகுங்கள். தூரிகை நுனியைத் தாளில் வைத்து, மெல்ல அழுத்தி விரற்கடை தூரம் இழுத்து, அழுத்தத்தைக் குறைத்தபடியே தூக்குங்கள். இரு முனையும் கூர்ந்து நடுவில் அகன்ற மாவிலை விழும். ஐம்பது இலையாவது போடுங்கள். கோணலாக வந்ததைத் திருத்தாதீர்கள். பக்கத்தில் இன்னொன்று போடுங்கள். கை பழகுவது அப்படித்தான்.

2. அடிமரத்தையும் கிளைகளையும் பழுப்பில் தீட்டுங்கள்.

3. மஞ்சளும் நீலமும் கலந்த பச்சையில் துளி சிவப்பைச் சேர்த்தால் அடர்பச்சை வரும். கறுப்பு வேண்டாம், பச்சை செத்துவிடும். மாவிலைகள் கிளை நுனியில் கொத்தாக விரிந்து தொங்கும். எனவே ஒரே புள்ளியிலிருந்து கீழ்நோக்கி ஆறேழு தொடுகைகள். கொத்துகளுக்கிடையே வெள்ளைத்தாள் தெரியட்டும்; அதுதான் வானம்.

இந்த இடத்தில் இடைவெளியை நிரப்பிவிடக் கை துறுதுறுக்கும். பர்கூருக்கு அருகே மல்லப்பாடிக் குன்றில் ஒரு பழைய பாறை ஓவியம் இருக்கிறது. குதிரை வீரர் இருவர் பொருதும் காட்சி, வெறும் வெள்ளை நிறத்தில். எளிய தீற்றல்கள்தாம், ஆனாலும் அந்தக் குதிரை நமக்குக் குதிரையாகவே தெரிகிறது. மீதியைப் பார்க்கிறவரின் கண் சேர்த்துக்கொள்கிறது. உங்கள் மரத்துக்கும் அந்த இடத்தை விடுங்கள்.

4. நன்றாகக் காயட்டும். பிறகு மஞ்சளும் சிறிது வெள்ளையும் கூட்டிய இளம்பச்சையை, வெயில் விழும் பக்கத்தில் மட்டும், கொத்துக்கு இரண்டு மூன்று இலையாக வையுங்கள். ஒவ்வொரு தொடுகைக்கு முன்பும் தூரிகையைத் துணியில் ஒற்றிக்கொள்ளுங்கள். நீர் மிகுந்தால் அடிநிறம் கரையும்.

5. கடைசியாகத் தளிர். சிவப்பும் மஞ்சளும் துளிப் பச்சையும் கலந்த செம்புநிறத்தில், உச்சிக் கிளையொன்றில் நான்கே தொடுகைகள். ஐந்தாவதற்குக் கை போகும் முன் தூரிகையைக் கழுவிவிடுங்கள்.