சாணி வண்டு எண்ணுவது எப்படி? மூன்று தடவை சொதப்பியவளின் செய்முறை

பினாங்கு பாயான் லெப்பாஸில் நான் வேலை பார்க்கும் ஆலைக்குப் பின்னால், வேலிக்கும் குன்றுக்கும் நடுவில் ஒரு துண்டு மரக்காடு இருக்கிறது. சில வருடங்களுக்கு முன் நிர்வாகம் கன்று நட்டு வளர்த்தது. அந்த இடம் நன்றாக இருக்கிறதா என்பதைக் காட்ட ஆண்டறிக்கைக்கு ஒரு எண் வேண்டும் என்று என் மேசைக்கு வேலை வந்தது. எத்தனை கன்று நட்டோம் என்ற கணக்கு ஏற்கனவே இருந்தது. அது கன்று விற்ற நர்சரிக்காரர் நன்றாக இருக்கிறாரா என்பதைத்தான் சொல்லும். அதனால் நான் சாணி வண்டைப் பிடித்துக்கொண்டேன்.

பீ உருட்டி வண்டு என்று பாட்டி சொல்லிக் கேட்டிருப்பீர்கள், அதேதான். மிருகம் இருந்தால்தான் சாணம், சாணம் இருந்தால்தான் வண்டு. காட்டுப்பன்றி, மரநாய், குரங்கு எல்லாம் ஓர் இடத்தை விட்டுப் போய்விட்டால், காமிரா வைக்காமலேயே வண்டு காட்டிக்கொடுத்துவிடும். நிழல் குறைந்து மண் காய்ந்தாலும் அப்படித்தான். பெரிய வண்டுகள்தான் பெரும்பாலும் முதலில் காணாமல் போகும். அவை செய்கிற வேலையும் லேசுப்பட்டதல்ல. சாணத்தை மண்ணுக்குள் இழுக்கும்போது உரமும் உள்ளே போகிறது, அதில் கிடக்கும் விதையும் போகிறது, ஈ முட்டையிட இடமில்லாமல் போகிறது.

நிர்வாகத்தைச் சம்மதிக்க வைத்தது ஆஸ்திரேலியக் கதை. அங்கே இருந்த வண்டுகள் கங்காரு போன்றவற்றின் காய்ந்த புழுக்கைக்குப் பழகியவை. குடியேறியவர்கள் கொண்டுவந்த மாடுகளின் ஈரச் சாணத்தை அவை பெரும்பாலும் சீண்டவில்லை. சாணம் மேய்ச்சல் நிலத்தில் அப்படியே கிடந்து காய்ந்தது, ஈ பெருகியது. கடைசியில் ஜார்ஜ் போர்னமிஸா என்ற பூச்சியியலாளர் முன்னின்று, 1968 முதல் வெளிநாட்டு வண்டுகளை இறக்குமதி செய்து மேய்ச்சல் நிலத்தில் விட்டார்கள். ஒரு நாடே வண்டை இறக்குமதி செய்திருக்கிறது என்றதும் கூட்டத்தில் சிரிப்பு நின்றது.

சரி, வேலைக்கு வருவோம். மண்ணில் குழி தோண்டி டப்பாவைப் புதைத்து, மேலே சாணத்தைத் தொங்கவிட்டால், வாசனைக்கு வரும் வண்டு உள்ளே விழும். அதுதான் பொறி.

முதலில் அனுமதி

தனியார் நிலம் என்றால் உரிமையாளரிடம் எழுத்தில் வாங்குங்கள். வனக் காப்பகம் என்றால் மாநில வனத்துறையிடம் கேட்க வேண்டும். தெலுக் பாஹாங் தேசியப் பூங்கா என்றால் பெர்ஹிலித்தானிடம், அதாவது வனவிலங்கு, தேசியப் பூங்காத் துறையிடம். இதில் குறுக்கு வழி கிடையாது.

சாமான்கள்

மாமாக் கடையில் (இங்கே தமிழ் முஸ்லிம் உணவகத்துக்கு அப்படிப் பெயர்) சூப்பைத் தாப்பாவ், அதாவது பார்சல், பண்ணித் தருகிற உயரமான பிளாஸ்டிக் டப்பா போதும். ஒரு பொறிக்கு இரண்டு டப்பா, ஒன்றுக்குள் ஒன்று. வெளி டப்பா குழியிலேயே இருக்கும், உள் டப்பாவை மட்டும் தூக்கி வண்டை எடுக்கலாம், மண் சரியாது. ஆய்வுக்கூடச் சாமான் விற்கும் கடைகளில் இதற்கென்றே பாத்திரம் உண்டு, விலையும் உண்டு. எனக்குச் சூப் டப்பாதான் பிடிக்கும். கூரைக்கு ஒரு பிளாஸ்டிக் தட்டு, அதைத் தாங்க மூன்று சாத்தே குச்சி. சாணத்தைப் பொட்டலம் கட்ட மெல்லிய வெள்ளைத் துணி. உள்ளே ஊற்ற வாசனை இல்லாத பாத்திரம் கழுவும் சோப்பு இரண்டு சொட்டும் ஒரு பிடி உப்பும் கலந்த தண்ணீர். சோப்பு போட்டால் வண்டு மூழ்கிவிடும். கொல்ல மனசில்லை என்றால் தண்ணீருக்குப் பதில் ஈர இலை போட்டு, டப்பா வாயில் புனல் வைத்து, விடிந்ததும் எண்ணிவிட்டு விட்டுவிடலாம். ஆனால் கொஞ்சம் தப்பிக்கும், மழை வந்தால் மூழ்கியும் போகும்.

எந்தச் சாணம்?

மாட்டுச் சாணம் சுலபமாகக் கிடைக்கும் என்று முதலில் அதைத்தான் எடுத்தேன். மாடு வளர்க்கும் அண்ணன் ஒருவரிடம் போய்க் கேட்டேன்.

"என்னம்மா, புதுமனை புகுவிழாவா?"

"இல்லண்ணே, வண்டுக்கு."

"வண்டுக்கா?"

கொஞ்ச நேரம் என்னைப் பார்த்துவிட்டு ஒரு வாளி நிறையக் கொடுத்தார். காசு வாங்கவில்லை. அவரிடம் நான் கேட்க மறந்த கேள்வி ஒன்று உண்டு, நீங்கள் மறக்காதீர்கள்: மாட்டுக்குக் கடைசியாகக் குடற்புழு மருந்து எப்போது கொடுத்தீர்கள்? ஐவர்மெக்டின் கொடுத்திருந்தால் அது சாணத்தோடு வெளியே வந்து வண்டின் புழுக்களைக் கொல்லும். வண்டு நலமா என்று பார்க்கப் போய் நாமே விஷம் வைத்த கதையாகிவிடும்.

காட்டு வண்டுகளை அதிகம் இழுப்பது எல்லாவற்றையும் தின்னும் உயிர்களின் கழிவு. பன்றி, இல்லாவிட்டால் மனிதன். எங்கள் காவலர்களும் தோட்ட வேலை பார்ப்பவர்களும் பெரும்பாலும் மலாய்க்காரர்கள். பன்றிச் சாணத்தை அந்தப் பக்கம் கொண்டுபோவது மரியாதையாக இருக்காது. மிச்சம் என்ன என்பதை நான் விளக்கப் போவதில்லை. கையுறை போடுங்கள், மூடி இறுகும் டப்பாவில் வையுங்கள். வீட்டு ஃபிரீசரில் மட்டும் வைக்காதீர்கள். அம்மா இன்னும் என்னை மன்னிக்கவில்லை.

எதைத் தேர்ந்தாலும் எல்லாப் பொறியிலும் அதே சாணம், அதே அளவு. ஓர் எலுமிச்சை அளவு எனக்குச் சரியாக வருகிறது.

குழி: என் முதல் சொதப்பல்

டப்பாவின் விளிம்பு மண்மட்டத்தோடு சமமாக இருக்க வேண்டும், அல்லது ஒரு நூல் கீழே. நான் முதல் தடவை வைத்தபோது விளிம்பு விரல் கனம் மேலே நின்றது. காலையில் போய்ப் பார்த்தால் டப்பா காலி, சுற்றிலும் மண்ணில் சின்னச் சின்னத் துளை. வண்டுகள் நடந்து வந்து, சுவரைப் பார்த்து, அங்கேயே குடைந்து உட்கார்ந்துவிட்டன. இப்போது விளிம்பைச் சுற்றி மண்ணைக் கையால் அழுத்தி, விரலால் தடவிப் பார்க்கிறேன். விரல் தடுக்கினால் வண்டும் தடுக்கும்.

சாணப் பொட்டலத்தைக் குச்சியில் கட்டி டப்பாவுக்கு நேர் மேலே தொங்கவிடுங்கள். கூரைத் தட்டு அதற்கு மேலே, வண்டு பறந்து வர இடம் விட்டு.

இடைவெளி: இரண்டாவது சொதப்பல்

பத்து மீட்டருக்கு ஒன்றாகப் பொறி வைத்து, நிறைய வைத்தேன் என்று பெருமைப்பட்டேன். பக்கத்துப் பக்கத்தில் வைத்தால் ஒரு பொறிக்கு வர வேண்டிய வண்டை இன்னொன்று இழுத்துக்கொள்ளும். குறைந்தது 50 மீட்டர் வேண்டும் என்று 2005இல் வந்த ஓர் ஆய்வு சொன்னது, இப்போது 100 மீட்டர் கேட்பவர்களும் உண்டு. எங்கள் மரக்காட்டில் 50 மீட்டர் கணக்கில் மூன்று பொறிதான் நிற்கிறது. மூன்றுதான் என்றால் அறிக்கையிலும் மூன்று என்றே எழுத வேண்டும்.

ஒப்பிட இன்னோர் இடமும் வேண்டும், இல்லாவிட்டால் எண்ணுக்கு அர்த்தமில்லை. நான் பாலேக் புலாவில் ஒரு பழைய டுரியான் தோட்டத்தை எடுத்தேன். அனுமதி பெற்ற ஆய்வுக் குழு ஒன்றோடு ஒட்டிக்கொண்டு காட்டோரத்திலும் ஒரு வரிசை பார்த்தேன். மூன்று இடத்திலும் ஒரே நாளில் வையுங்கள். ஒன்றை மழைக்கு முன்னும் ஒன்றை மழைக்குப் பின்னும் வைத்தால் நீங்கள் ஒப்பிடுவது வானிலையை. 24 மணி நேரத்தில் ஒரு தடவை, 48இல் ஒரு தடவை எடுங்கள். செப்டம்பரிலிருந்து நவம்பர் வரை இங்கே கொட்டும் மழையில் கூரையும் தாங்காது.

பிரிப்பது

அறிவியல் பெயர் தெரியாவிட்டால் பரவாயில்லை. வெள்ளைத் தட்டில் கொட்டி, அளவுகோல் வைத்து, 10 மில்லிமீட்டருக்கு மேலே, கீழே என்று இரண்டாகப் பிரியுங்கள். பிறகு காலைப் பாருங்கள். பின்கால் நீண்டு வளைந்து மெலிந்திருந்தால் உருட்டி. முன்கால் அகலமாகப் பல் வைத்த மண்வெட்டி மாதிரி, உடம்பும் குண்டாக இருந்தால் சாணத்துக்கு அடியிலேயே குடைகிற வகை. சாணத்துக்குள்ளேயே குடித்தனம் நடத்தும் மூன்றாவது வகையும் உண்டு, பொறியில் எனக்கு அதிகம் கிடைத்ததில்லை. பொடிப்பொடியாக நிறைய வருவது பெரும்பாலும் ஆந்தோபாகஸ் என்ற பேரினம்.

டுரியான் தோட்டத்தில் ஒரு காலை, டப்பாவில் கட்டைவிரல் நகத்தைவிடப் பெரியதாக ஒன்று கறுப்பாகப் பளபளத்துக்கொண்டு கிடந்தது. தலையில் ஒற்றைக் கொம்பு. கூட வந்தவர் செம்பனைத் தோட்டத்தில் வளர்ந்தவர். "காண்டாமிருக வண்டு! குருத்தைத் தின்னு மரத்தையே சாய்ச்சிடும், மிதிங்க!" என்று காலைத் தூக்கிவிட்டார். தடுத்தேன். அது கதார்சியஸ், குடைகிற வகையில் பெரியது. தலையின் முன்பக்கம் அரைவட்டமாகக் கரண்டி போலத் தட்டையாக விரிந்து வாயை மூடியிருந்தால் சாணி வண்டு. செம்பனையைக் கெடுக்கும் வண்டுக்கு அப்படி இருக்காது, உடம்பும் நீளம்.

மொத்த எண்ணிக்கையை மட்டும் யாரிடமும் கொடுக்காதீர்கள். நான் கொடுத்தேன். அறிக்கை தயாரித்தவர்கள் அதைப் பெரிய எழுத்தில், ஒரு பச்சை இலைப் படத்துக்குப் பக்கத்தில் போட்டுவிட்டார்கள். உண்மையில் எங்கள் மரக்காட்டில் பொடி வண்டு மட்டும் எக்கச்சக்கம், பெரியது ஒன்றுகூட இல்லை. கெட்டுப்போன இடத்திலும் பொடி வண்டு பெருகலாம். மொத்தத்தைப் பார்த்தால் டுரியான் தோட்டத்தைவிட நாங்கள் மேல் என்று தோன்றும்!

சாணம் காணாமல் போகும் சோதனை: மூன்றாவது சொதப்பல்

வண்டு இருக்கிறதா என்பதைவிட, அது வேலை செய்கிறதா என்பதுதான் எனக்கு முக்கியமாகப் பட்டது. 200 கிராம் சாணத்தை எடை போட்டுத் தரையில் வைக்க வேண்டும். மறுநாள் மிச்சத்தை எடை போட வேண்டும். குறைந்தது எவ்வளவோ அது வண்டு கொண்டுபோனது. இப்படித்தான் நினைத்தேன், எழுதியும் கொடுத்தேன். தப்பு.

சாணம் வெயிலில் காயும். காய்ந்தால் எடை குறையும். அன்று நல்ல வெயில். வண்டின் கணக்கில் நான் எழுதியதில் ஒரு பகுதி சூரியன் கொண்டுபோனது.

அதனால் ஒவ்வோர் இடத்திலும் இரண்டு உருண்டை வையுங்கள். ஒன்று திறந்தபடி. இன்னொன்று கொசுவலைத் துணியில் சுற்றி, அடியில் துணி இரட்டையாக, வண்டு எந்தப் பக்கமும் நுழைய முடியாதபடி. கணக்கை ஒரு கற்பனை எண்ணில் காட்டுகிறேன். இரண்டும் 200 கிராமில் ஆரம்பம். மறுநாள் வலைக்குள் இருப்பது 150, திறந்தது 60. அப்படியானால் வண்டே இல்லாவிட்டாலும் 150தான் மிஞ்சியிருக்கும். வண்டு எடுத்தது 150இல் 90, அதாவது 60 விழுக்காடு. வலை இல்லாமல் நான் முதலில் போட்டது போலப் போட்டால் 70 என்று வரும்.

இன்னொரு தொல்லையும் உண்டு. வண்டு குடையும்போது மண்ணை மேலே தள்ளும், அது சாணத்தோடு ஒட்டிக்கொண்டு எடையைக் கூட்டும். பழைய பல்துலக்கியால் தட்டிவிட்டு நிறுங்கள். சமையலறைத் தராசு போதும், ஆனால் இதற்கென்று தனியாக ஒன்று வாங்குங்கள். ஏன் என்று அம்மாவைக் கேட்கலாம்.

அறிக்கையில் எழுதுவது

2022 டிசம்பரில் ஒப்புக்கொண்ட குன்மிங்-மான்ட்ரியல் உலகப் பல்லுயிர்க் கட்டமைப்பின் 15ஆவது இலக்கு, பெரிய நிறுவனங்கள் இயற்கையின் மீது தங்களால் வரும் பாதிப்பைக் கண்காணித்து வெளியிட அரசுகள் வழிசெய்ய வேண்டும் என்கிறது. இயற்கை சார்ந்த நிதி வெளிப்பாடுகளுக்கான பணிக்குழு (TNFD), நிறுவனங்கள் இதையெல்லாம் எப்படி வெளியிடலாம் என்று 2023 செப்டம்பரில் 14 பரிந்துரைகளைக் கொடுத்தது. யாரும் வண்டை எண்ணு என்று சொல்லவில்லை. ஆனால் இடம் வாரியாக நிலைமையைச் சொல் என்றால், கன்று நடும் புகைப்படத்தைவிட இந்த அட்டவணை கெட்டியானது.

நான் இப்போது கொடுப்பது ஐந்தே தகவல்: எத்தனை பொறி, என்ன சாணம், என்ன வானிலை, பெரியது சிறியது தனித்தனியாக ஒப்பீட்டு இடத்தோடு, சாணம் எடுத்த விழுக்காடு. பெரிய வண்டுக்கு நேரே பூஜ்யம் என்றால் பூஜ்யம். இந்த வருடம் அந்தப் பூஜ்யத்தை எடுத்துவிடலாமா என்று கேட்டார்கள். எடுத்தால் என் பெயரையும் எடுத்துவிடுங்கள் என்றேன். பூஜ்யம் அச்சில் வந்தது. அப்புறம் வேலியின் அடியில் மிருகம் நுழைய இரண்டு இடத்தில் இடைவெளி விட்டார்கள், காய்ந்த இலையைக் கூட்டி அள்ளுவதையும் நிறுத்தினார்கள்.

பின்சேர்க்கை 1: குரங்கு தட்டைத் தூக்கிக்கொண்டு போகிறது என்று இரண்டு பேர் எழுதியிருக்கிறீர்கள். வெள்ளைத் தட்டு தூரத்திலிருந்தே தெரிகிறது. மண் நிறத்தில் சாயம் அடித்து, மேலே ஒரு கல் வையுங்கள். என் பொறிகளில் பாதி தப்பியது.

பின்சேர்க்கை 2: எறும்பு மொய்க்கிறது என்று கேட்டவருக்கு: மீன் துண்டு வைத்திருப்பீர்கள். அது பிணம் தின்னும் வண்டுக்கான இரை, அதற்குப் பொறியைத் தனியாக வையுங்கள், கணக்கையும் கலக்காதீர்கள். குச்சியில் வாஸ்லின் தடவினால் எறும்பு குறையும்.

பின்சேர்க்கை 3: மாட்டுக்கார அண்ணன் போன் பண்ணினார். மருந்து கொடுத்து இரண்டு வாரம்தான் ஆகிறதாம், அடுத்த மாதம் வரச் சொன்னார்.