இங்கிலாந்து குற்றவியல் சட்டம் படிக்கப் புத்தகம் வாங்குகிறீர்களா? இந்தத் தவறுகளைத் தவிருங்கள்

லண்டனில் சட்டம் படிக்கச் சேர்ந்த முதல் வருஷம், சேரிங் கிராஸ் சாலையில் ஒரு பழைய புத்தகக் கடையில் குற்றவியல் சட்டப் பாடநூல் ஒன்றை நான்கு பவுண்டுக்கு வாங்கினேன். புதுப் பதிப்பின் விலை அதைப்போலப் பத்து மடங்கு. அட்டை கிழியவில்லை, உள்ளே யாரோ பென்சிலால் அழகாகக் கோடு போட்டிருந்தார்கள். 2001-ஆம் ஆண்டுப் பதிப்பு. சட்டம் அதற்குள் என்ன மாறியிருக்கப் போகிறது என்று நினைத்துவிட்டேன். அதை நம்பி எழுதிய முதல் கட்டுரை, தீ வைத்துச் சொத்தைச் சேதப்படுத்துவது பற்றியது. ஓரத்தில் ஆசிரியர் ஒரே வரி எழுதித் திருப்பிக் கொடுத்தார்: "இந்தச் சட்டம் 2003-லேயே போய்விட்டது."

என்ன போனது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். 1971-ஆம் ஆண்டின் சொத்துச் சேதச் சட்டப்படி, வேண்டுமென்றே செய்தாலும் குற்றம், விளைவைப் பொருட்படுத்தாமல் செய்தாலும் குற்றம். அந்தப் பொருட்படுத்தாமை என்றால் என்ன? சாதாரண அறிவுள்ள ஒரு ஆளுக்கு அபாயம் பளிச்சென்று தெரிந்திருக்கும் என்றால் போதும், செய்தவருக்கு அது தோன்றியிருக்கத் தேவையில்லை என்று கால்ட்வெல் வழக்கில், அப்போது நாட்டின் உச்சக் கோர்ட்டாக இருந்த பிரபுக்கள் சபை 1981-இல் தீர்ப்பளித்தது. 2000 ஆகஸ்டில் 11, 12 வயதுப் பையன்கள் இருவர், ஒரு கடையின் பின்புறத்தில் கிடந்த செய்தித்தாள்களைக் கொளுத்தி ஒரு பிளாஸ்டிக் குப்பைத் தொட்டிக்கு அடியில் போட்டுவிட்டுப் போனார்கள். தானே அணைந்துவிடும் என்று நினைத்தார்கள். தீ தொட்டியில் பிடித்து, கூரைக்கு ஏறி, சுமார் 10 லட்சம் பவுண்டு சேதம். கால்ட்வெல் விதிப்படி அந்தக் குழந்தைகளின் மனதில் என்ன இருந்தது என்று ஜூரி பார்க்கவே முடியாது. பார்த்தால் ஒரு பெரியவரின் கண்ணால்தான் பார்க்க வேண்டும். 2003-இல் அதே பிரபுக்கள் சபை இது அநியாயம் என்று கால்ட்வெல்லைக் கைவிட்டது. அபாயம் செய்தவருக்கே தெரிந்திருக்க வேண்டும் என்பதுதான் இப்போதைய சட்டம். என் நான்கு பவுண்டுப் புத்தகத்தில் கால்ட்வெல் உயிரோடு இருந்தார்.

ஆக, முதல் தவறு பதிப்பைப் பார்க்காமல் வாங்குவது. அச்சான வருஷத்தை மட்டும் பார்த்தால் போதாது. முன்னுரையின் கடைசியில், "இந்தத் தேதி வரையிலான சட்டம் இதில் உள்ளது" என்று ஒரு வரி இருக்கும். அதைத் தேடிப் படியுங்கள். திருட்டு, மோசடி போன்ற வழக்குகளில் ஒருவர் நேர்மையில்லாமல் நடந்தாரா என்று பார்க்கும் சோதனையை எடுத்துக்கொள்ளுங்கள். 1982-இல் கோஷ் வழக்கு தந்த இரண்டு கட்டச் சோதனை (சாதாரண மக்கள் பார்வையில் அது நேர்மையற்றதா, அப்படித்தான் பார்ப்பார்கள் என்று செய்தவருக்கும் தெரியுமா) 35 வருஷம் ஓடியது. 2017-இல் உச்ச நீதிமன்றம் ஐவி என்ற சூதாட்டக்காரரின் வழக்கில் அது தவறு என்றது. ஆனால் அது சிவில் வழக்கு, குற்ற வழக்குக்கும் பொருந்துமா என்ற கேள்வி நின்றது. 2020-இல் அப்பீல் கோர்ட் பொருந்தும் என்று முடித்துவைத்தது. 2016 பதிப்பில் ஒரு விடை, 2018 பதிப்பில் ஒரு சந்தேகம், 2021 பதிப்பில் வேறு விடை. மூன்றுக்கும் அட்டை கிட்டத்தட்ட ஒன்றுதான்.

அடுத்தது, "பிரிட்டிஷ் குற்றவியல் சட்டம்" என்று தேடி வாங்குவது. அப்படி ஒரே சட்டம் கிடையாது. இங்கிலாந்துக்கும் வேல்ஸுக்கும் ஒன்று, ஸ்காட்லாந்துக்கு வேறு, வட அயர்லாந்துக்கு வேறு. ஸ்காட்லாந்தில் ஜூரி 15 பேர், இங்கிலாந்தில் 12. 1968-ஆம் ஆண்டின் திருட்டுச் சட்டம் ஸ்காட்லாந்தில் செல்லாது, அங்கே திருட்டு இன்னும் தீர்ப்புகளில் வளர்ந்த பொதுச் சட்டக் குற்றம். குற்றப் பொறுப்பு வயது இங்கே 10, அங்கே 12. எடின்பரோவில் இடம் கிடைத்த பிள்ளைக்கு லண்டன் பாடநூலைப் பார்சல் அனுப்பிய பெற்றோரை எனக்குத் தெரியும். பாவம், பாசத்தோடு செய்த செலவு.

நம் ஊரில் சட்டம் படித்துவிட்டுப் போகிறவர்களுக்கென்றே ஒரு தவறு இருக்கிறது. நமக்குக் கொலை என்றால் 302. இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் எண் மாறிவிட்டது, ஆனால் பழக்கம் மாறவில்லை: பிரிவு எண்ணைப் பிடி, வரையறையைப் படி, விளக்கங்களைப் பார். அதே பழக்கத்தோடு இங்கிலாந்துச் சட்டத் தொகுப்பைத் திறந்து கொலைக்கான பிரிவைத் தேடுவோம். கிடைக்காது. கொலையின் வரையறை எந்த நாடாளுமன்றச் சட்டத்திலும் இல்லை. அது நீதிபதிகளின் தீர்ப்புகளில் வளர்ந்த பொதுச் சட்டக் குற்றம். ஆயுள் தண்டனை மட்டும் 1965-ஆம் ஆண்டுச் சட்டத்தில் இருக்கிறது, மரண தண்டனையை எடுத்துவிட்டு வந்த சட்டம் அது. காயம் விளைவிக்கும் குற்றங்களோ 1861-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 18, 20, 47 என்று சிதறிக் கிடக்கின்றன. 20-க்கும் 47-க்கும் கடுமையில் வேறுபாடு உண்டு, ஆனால் அதிகபட்சத் தண்டனை இரண்டுக்கும் 5 வருஷம்தான். மெக்காலே இந்தியாவுக்குச் செய்துகொடுத்த மாதிரி ஒரு முழுத் தொகுப்பு இங்கிலாந்துக்கே அமையவில்லை. 1989-இல் சட்ட ஆணையம் வரைவு போட்டது, சட்டமாகவில்லை. அதனால் இங்கே பிரிவுகளை மட்டும் அச்சடித்த புத்தகத்தை வைத்துக்கொண்டு படிக்க முடியாது. தீர்ப்புகளோடு விளக்கும் பாடநூல் ஒன்று கட்டாயம் வேண்டும். 1965 முதல் வந்துகொண்டிருக்கும் ஸ்மித் அண்ட் ஹோகன் அந்த வகையில் பெரியது. முதல் வருஷத்துக்கு அதைவிடச் சின்னதாக உங்கள் ஆசிரியர் சொல்லும் ஒன்றே போதும்.

பெயரைப் பார்த்து ஏமாறுவதும் நடக்கிறது. பிளாக்ஸ்டோன் என்ற பெயரில் குறைந்தது மூன்று விதமான புத்தகங்கள் உண்டு. ஒன்று, 1760-களில் வில்லியம் பிளாக்ஸ்டோன் எழுதிய விளக்கவுரை, வரலாறாகப் படிக்கலாம். இரண்டாவது, மாணவர்களுக்கான சட்டப்பிரிவுத் தொகுப்பு. விளக்கமே இருக்காது, சில கல்லூரிகளில் தேர்வு அறைக்குள் கொண்டுபோக அனுமதி உண்டு. ஆனால் ஓரத்தில் ஒரு வார்த்தை கிறுக்கியிருந்தாலும் பிடுங்கிக்கொள்வார்கள், கோடு போட்ட பழைய பிரதியை இதற்கு வாங்காதீர்கள். மூன்றாவது, 1991-இல் தொடங்கி வருஷாவருஷம் வரும் வழக்கறிஞர்களுக்கான தலையணைப் புத்தகம். 1822-இல் தொடங்கிய ஆர்ச்போல்டும் இந்த ரகம்தான்.

இந்தத் தலையணைகளை முதல் வருஷத்திலேயே வாங்குவது வீண். கோர்ட்டில் நின்றுகொண்டு ஒரு கேள்விக்கு ஒரு நிமிடத்தில் விடை தேடுவதற்காக எழுதப்பட்டவை, முதல் பக்கத்திலிருந்து படித்தால் ஒன்றும் ஒட்டாது. நூலகத்தில் பயன்படுத்தப் பழகுங்கள். பழகும்போது பக்க எண்ணைக் குறித்துவைக்காதீர்கள், இவற்றில் பத்தி எண்ணைச் சொல்வதுதான் வழக்கம். இடையில் வரும் இணைப்பிதழையும் சேர்த்துப் பாருங்கள்.

எனக்கு மிகவும் வருத்தம் தருகிற தவறு இனிதான் வருகிறது. மாணவர்கள் குற்றங்களின் வரையறைகளை மட்டும் படித்துவிட்டு, நடைமுறையையும் தண்டனை விதிப்பையும் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடுகிறார்கள். கைதாகி நிற்கிற ஒருவருக்கு, அவர் வீட்டாருக்கு, இந்த இரண்டும்தான் முதல் கேள்வி. திருட்டுக்கு அதிகபட்சம் 7 வருஷம் என்று பாடநூல் சொல்லும். அது உண்மை, ஆனால் அந்த எண்ணை வைத்து யாருக்கும் பதில் சொல்ல முடியாது. எந்தக் கோர்ட்டில் விசாரணை, எப்போது குற்றத்தை ஒப்புக்கொண்டார், தண்டனைக் கவுன்சிலின் வழிகாட்டி என்ன சொல்கிறது, எல்லாம் சேர்ந்துதான் விடை.

ஒரு கணக்கைப் பாருங்கள். வழிகாட்டிப்படி நீதிபதி 36 மாதம் என்று வருகிறார். முதல் வாய்தாவிலேயே ஒப்புக்கொண்டிருந்தால் மூன்றில் ஒரு பங்கு கழிவு: 24 மாதம். அதைத் தாண்டிவிட்டால் நான்கில் ஒரு பங்குக்கு மேல் கிடையாது: 27 மாதம். விசாரணை தொடங்கும் நாளில் ஒப்புக்கொண்டால் பத்தில் ஒரு பங்கு, ஏறக்குறைய 32 மாதம். தண்டனையில் எட்டு மாதம் கூடுமா குறையுமா என்பதை, எந்த வாய்தாவில் வாயைத் திறந்தார் என்பது தீர்மானிக்கிறது. நடைமுறை தெரியாமல் தண்டனை புரியாது என்று நான் சொல்வது இதனால்தான்.

மாற்றமும் இந்தப் பகுதியில்தான் அதிகம். கீழே இருக்கும் மாஜிஸ்திரேட் கோர்ட், ஜூரி உட்காரும் கிரவுன் கோர்ட், இரண்டிலும் விசாரிக்கத்தக்க ஒரு குற்றத்துக்கு மாஜிஸ்திரேட் கோர்ட் போடக்கூடிய சிறை நெடுங்காலம் 6 மாதம். 2022 மே மாதம் 12 ஆனது. 2023 மார்ச்சில் மறுபடி 6. 2024 நவம்பரில் மறுபடி 12. இத்தனைக்கும் 12 மாதம் என்ற ஏற்பாடு 2003-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருந்தது, நடைமுறைக்கு மட்டும் வராமல் கிடந்தது. தண்டனைச் சட்டங்களை ஒன்றாகத் திரட்டிய 2020-ஆம் ஆண்டுச் சட்டம் அந்த டிசம்பர் 1 அன்று அமலுக்கு வந்ததும், பழைய தண்டனைப் புத்தகங்களின் பிரிவு எண்கள் பெரும்பாலும் உதவாமல் போயின. எனவே தண்டனை விதிப்புக்கு, கோட்பாட்டை விளக்கும் ஒரு நூலை மட்டும் வாங்கி, எண்களைத் தண்டனைக் கவுன்சிலின் இணையதளத்தில் அன்றன்றைக்குப் பாருங்கள். இலவசம்தான்.

இலவசம் என்றதும் இன்னொன்று. கிரவுன் கோர்ட் நீதிபதிகளுக்காக ஜூடிஷியல் காலேஜ் வெளியிடும் கிரவுன் கோர்ட் காம்பெண்டியம் யாருக்கும் கிடைக்கும். ஜூரிக்கு ஒரு குற்றத்தை எப்படிப் படிப்படியான கேள்விகளாகப் பிரித்துச் சொல்வது என்று அதில் மாதிரிகள் இருக்கின்றன. குற்றத்தின் கூறுகளை எனக்குத் தெளிய வைத்தது அதுதான். காசு கொடுத்து வாங்கிய சுருக்கக் குறிப்புகளிடம் அந்தத் தெளிவு கிடைக்கவில்லை. தீர்ப்புகளை பெய்லி தளத்திலும் நேஷனல் ஆர்கைவ்ஸ் தளத்திலும் முழுதாகவே படிக்கலாம்.

சட்டங்களுக்கு அரசின் லெஜிஸ்லேஷன் தளம் இருக்கிறது. அங்கே ஒரு கண்ணி உண்டு. "நிறைவேறியபடி" என்ற பக்கமும் "திருத்தப்பட்டது" என்ற பக்கமும் தனித்தனி. முதலாவதைத் திறந்தால் 1968-ஆம் ஆண்டின் திருட்டுச் சட்டத்தில் 15-ஆம் பிரிவு, ஏமாற்றிச் சொத்தைப் பெறுவது, முழுசாக இருக்கும். 2006-ஆம் ஆண்டின் மோசடிச் சட்டம் அதை நீக்கிவிட்டது என்பது அந்தப் பக்கத்தைப் பார்த்தால் தெரியாது. மேலே எந்தப் பக்கத்தில் இருக்கிறீர்கள் என்று பார்த்துவிட்டுக் கீழே போங்கள்.

சரி, பழைய புத்தகங்களை எடைக்குப் போட்டுவிடலாமா? அதுவும் தவறு. நாடாளுமன்றம் குற்றத்தின் வரையறையை மாற்றினால், மாற்றத்துக்கு முன் நடந்த செயலைப் பழைய சட்டப்படிதான் விசாரிப்பார்கள். இப்போதைய பாலியல் குற்றச் சட்டம் 2004 மே 1 அன்று அமலுக்கு வந்தது. 1985-இல் ஒரு குழந்தைக்கு நடந்த கொடுமைக்கு இன்று வழக்கு வந்தால், குற்றச்சாட்டு பெரும்பாலும் 1956-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் வரும். தண்டனையை இன்றைய வழிகாட்டியை ஒட்டித்தான் பார்ப்பார்கள், ஆனால் அன்றைய அதிகபட்சத்தைத் தாண்ட முடியாது. இப்படிப்பட்ட வழக்குகள் இன்றும் கோர்ட்டுக்கு வந்துகொண்டுதான் இருக்கின்றன. ஆனால் கால்ட்வெல் மாதிரி நீதிபதிகளே மாற்றியதற்கு இந்தக் கணக்கு பொருந்தாது. புதிய தீர்ப்பு, இனி விசாரணைக்கு வரும் பழைய செயல்களுக்கும் பொருந்தும். என் 2001 பதிப்பு இன்னும் அலமாரியில் இருக்கிறது. பாலியல் குற்ற அத்தியாயத்துக்காக வைத்திருக்கிறேன், சொத்துச் சேத அத்தியாயத்தின் மேல் "செல்லாது" என்று சிவப்பில் எழுதி.